கடமையைக் கருவியிடம் ஒப்படைக்கலாமா?

வீட்டில் வளரும் பூனைக்கு நேரந்தவறாமல் தீனி வைக்கும் வேலையை ஓர் இயந்திரத்தினிடம் விட்டுவிடலாமா என்னும் கேள்வியைப் பற்றி எழுதப் போகிறோம் என்று நாம் சொன்னபோது, நண்பர் ஒருவர் நகைத்தார். “நாட்டில் பேசுவதற்கு வேறு விஷயமே அகப்படவில்லையா?” என்று அவர் கேட்டார். நியாயமான வினாவே. ஆயினும், பெரிய கடமைகளைப் பற்றி மேடைதோறும் பேசுகின்ற நாம், நம் காலடியில் வந்து நிற்கும் சிறிய கடமையை எப்படி நிறைவேற்றுகிறோம் என்பதைக் கொண்டன்றோ நம் யோக்கியதையை அளக்க வேண்டும்? வாயில்லாப் பிராணி ஒன்று நம்மீது வழக்குத் தொடராது, பத்திரிகைக்கு எழுதாது, அயலாரிடம் சென்று குறை கூறாது. அத்தகைய உயிரினிடத்தில் நாம் நடந்துகொள்ளும் முறையில், சட்டத்திற்கும் பழிச்சொல்லுக்கும் அஞ்சாத நம் உண்மையான உருவம் தெரிந்துவிடுகிறது. ஆகவே இக்கேள்வி சிறிதன்று என்பது நம் கருத்து. வாசக அன்பர்கள் சற்றுப் பொறுமையுடன் கேட்குமாறு வேண்டுகிறோம்.

சிங்கப்பூரில் வீடமைப்பு வளர்ச்சிக் கழகத்தின் அடுக்குமாடி வீடுகளில் பூனை வளர்ப்பது நெடுங்காலம் விலக்கப்பட்டிருந்தது. 2024ஆம் ஆண்டு செப்டம்பர் 1ஆம் தேதி முதல், உரிமம் பெற்று, வீட்டுக்கு இரண்டு பூனைகள் வரை வளர்க்கலாம் என்று விதி மாறிற்று. அதன் பின்னரே எம் புளோக்கின் கீழ்த்தளத்தில் திரிந்துகொண்டிருந்த ஒரு பூனைக்கு எம் இல்லத்தில் இடங்கொடுத்தோம். இப்பகுதித் தெருப்பூனைகளிற் பலவற்றைப் போல அதற்கும் முறுக்கிய குட்டை வால். உடம்பில் சதை மிகுதியில்லை; குரலோ மிகுதி. காலை நான்கு மணிக்கே எம் தலைமாட்டில் வந்து நின்று அது எழுப்பும் ஓலத்தைக் கேட்டால், உறக்கம் மட்டுமன்று, ஜீவகாருண்யமும் சிறிது நேரம் ஓடி ஒளிந்துகொள்ளும்.

எம் இல்லத்தில் இருவரும் வேலைக்குச் செல்பவர்கள். ஒருவருக்கு வாரத்தில் சில இரவுகளிலும் பணி உண்டு. ஒரு நாள் ஆறு மணிக்குத் தீனி, மறுநாள் ஒன்பது மணிக்கு. ஒரு நாள் இருவரும் தனித்தனியே வைத்துவிட, அதற்கு இரட்டை விருந்து. இன்னொரு நாள் ஒருவரை ஒருவர் நம்பி இருவருமே வைக்காமற்போக, அதற்கு அரைநாள் விரதம். இந்த ஒழுங்கீனத்திற்கு முடிவு கட்டக் கருதியே, குறித்த வேளையில் குறித்த அளவு உலர்ந்த தீனியைத் தானாகவே தட்டில் தள்ளும் ஒரு பெட்டியை வாங்கினோம்.

பெட்டியை வாங்குவது எளிது. பூனையை அதற்குப் பழக்குவது அவ்வளவு எளிதன்று. முதல் நாளே பழைய கிண்ணத்தை எடுத்துவிட்டுப் புதிய பெட்டியை வைத்தோமாயின், அந்த ஓசையில் மிரண்டு பிராணி பட்டினி கிடக்கக்கூடும். பூனை இரண்டு மூன்று நாள் உண்ணாதிருப்பது விளையாட்டான காரியமன்று. உடம்பிலுள்ள கொழுப்பெல்லாம் ஈரலில் சென்று சேர்ந்து உயிருக்கே ஆபத்து விளைக்கும் நோய் அதனால் உண்டாவதுண்டு; கொழுத்த பூனைகளுக்கு அது இன்னும் எளிதில் வரும் என்று கால்நடை மருத்துவர்கள் எச்சரிக்கின்றனர். ஆகையால் மெல்ல மெல்லவே நடந்தோம். முதலிற் சில நாள், மின்சாரம் கொடாமலே பெட்டியைப் பழைய கிண்ணத்தின் அருகில் வைத்தோம். பூனை அதனைச் சுற்றி வந்தது, முகர்ந்தது, கன்னத்தை அதன் விளிம்பில் உராய்ந்து தன் மணத்தைப் பூசியது. அடுத்து, எம் கையாலேயே தீனியை எடுத்துப் பெட்டியின் தட்டில் இட்டோம். பின்னர், பூனை சற்றுத் தொலைவில் இருக்கும்போது பெட்டியை இயக்கி, அந்த ஓசை எழுந்தவுடன் அதற்கு விருப்பமான மீன் துணுக்கு ஒன்றைக் கொடுத்தோம். ஓசை என்றால் உணவு என்னும் எண்ணம் அதன் மனத்தில் படிந்தபின், ஒரு வேளைத் தீனியை மட்டும் பெட்டியினிடம் விட்டோம்; நாமும் அருகில் இருந்து கவனித்தோம். பிறகு இரண்டு வேளை. பிறகு நான்கு வேளை.

பூனை ஒரே வேளையில் வயிறு புடைக்க உண்ணும் இயல்பினதன்று. எலியும் பல்லியும் சிறு பறவையுமாகப் பகலிரவில் பலமுறை சிறிது சிறிதாக வேட்டையாடித் தின்ற பரம்பரை அது. ஆகவே காலை 6 மணி, முற்பகல் 11 மணி, மாலை 5 மணி, இரவு 10 மணி என நான்கு வேளையும் வேளைக்கு 12 கிராமுமாக வகுத்தோம். மூன்று வாரங்களில் பயிற்சி நிறைவெய்திற்று. இதிலே ஒரு கடினமான விதி உண்டு. பூனை நம்மிடம் வந்து கத்தும்போது இரக்கப்பட்டுப் பெட்டியை இயக்கிவிடக் கூடாது. இயக்கினோமாயின், கத்தினால் கிடைக்கும் என்னும் பழைய பாடத்தையே மீண்டும் கற்பித்தவராவோம். எம் இல்லத்தில் இவ்விதியை மீறியவர் யார் என்பதை ஈண்டுக் கூறாது விடுகிறோம்.

நாம் செய்தது புதுமையன்று. ருஷிய தேசத்து உடலியல் அறிஞர் பாவ்லோவ், செரிமானத்தைப் பற்றிய ஆராய்ச்சிக்காக 1904ஆம் ஆண்டில் நோபெல் பரிசு பெற்றவர். உணவைக் காண்பதற்கு முன்னரே, உணவு வரப்போவதை அறிவிக்கும் அடையாளத்தைக் கண்டமாத்திரத்தில் நாய்க்கு வாயூறுவதை அவர் நுணுகி ஆராய்ந்தார். அவர் மணியடித்தார் என்று கதையாக வழங்கினும், தாளக்கருவி முதலிய பலவகை ஓசைகளையும் அடையாளங்களையும் அவர் பயன்படுத்தினார். அந்த ஆராய்ச்சிக்கூடத்துப் பாடமே எம் சமையற்கட்டிலும் நடந்தது. பெட்டியின் சக்கரம் சுழலும் ஓசை கேட்டதும், எந்த அறையில் உறங்கிக்கொண்டிருந்தாலும் பூனை எழுந்து ஓடிற்று. காலை நான்கு மணி ஓலம் நின்றது. நாம் நன்றாக உறங்கினோம்.

ஆனால் ஓலம் நின்றதோடு வேறொன்றும் நின்றது. முன்பெல்லாம் நாம் வேலை முடிந்து கதவைத் திறக்கும்போது, குட்டை வாலை உயர்த்திக்கொண்டு ஓடிவந்து காலில் உராயும் பூனை, இப்போது நிதானமாகத் தலையைத் தூக்கிப் பார்த்துவிட்டு மீண்டும் படுத்துக்கொண்டது. அது எம்மிடம் காட்டியதெல்லாம் அன்பன்று, வெறும் பசிதானோ என்னும் ஐயம் எழுந்தது. உண்மையைச் சொன்னால் மனம் சிறிது புண்பட்டது. ஆயினும் பகுத்தறிவோடு சிந்தித்தபோது, அந்த வருத்தமே எம்மை நோக்கி ஒரு கேள்வியைத் திருப்பிற்று. நாம் அதற்கு உணவளித்தது அதன் பசிக்காகவா, அல்லது அது எம்மை நாடி வந்து நிற்கும் அந்த இன்பத்திற்காகவா? பசித்தவர் நம் வாயிலில் காத்து நிற்பதைக் கண்டு மகிழும் கொடையாளி ஒருவர் நம் ஒவ்வொருவருள்ளும் ஒளிந்திருக்கிறார். அவருக்குப் பிறர் பசி தீர்வதில் உள்ள விருப்பத்தைவிட, பிறர் தம்மை நம்பியிருப்பதில் உள்ள விருப்பமே அதிகம். பெட்டி வந்ததனால் எம்முள் இருந்த அந்தக் கொடையாளி வேலையிழந்தார். அது நட்டமன்று, இலாபமே என்று முடிவு செய்தோம்.

சில வாரங்களில், தீனி நேரமல்லாத நேரங்களில் பூனை எம் மடியில் வந்து படுக்கத் தொடங்கிற்று. அப்போது அதற்கு எம்மிடம் கேட்டுப் பெற வேண்டியது ஒன்றுமில்லை. ஆகவே அந்த வரவு முன்னைய வரவைவிடச் சிறந்தது என்று எமக்குத் தோன்றிற்று.

இங்கே அன்பர் சிலர் ஓர் ஆட்சேபம் எழுப்புவர். “கையால் இடாத உணவு உணவாகுமா? தாய் ஊட்டுவதும் இயந்திரம் ஊட்டுவதும் ஒன்றாகுமா?” என்பர். இவ்வாட்சேபத்தில் உணர்ச்சி மிகுதி; ஆராய்ச்சி குறைவு. மயில் குளிரால் நடுங்குகிறது என்று எண்ணித் தன் போர்வையை ஈந்த பேகனை நாம் வள்ளல் என்று போற்றுகிறோம். அவன் நெஞ்சின் ஈரம் போற்றத்தக்கதே. ஆனால் மயிலுக்குப் போர்வை வேண்டுமா என்று அவன் மயிலின் பக்கம் நின்று எண்ணினானா? இறகு போர்த்த பறவைக்குப் பட்டாடை எதற்கு? கொடுப்பவன் உள்ளம் குளிர்வது வேறு. பெறுகின்ற உயிரின் தேவை நிறைவது வேறு. எம் பூனைக்கு வேண்டியது நேரந்தவறாத, அளவு மீறாத உணவு. அதனை எம் கைகளைவிட அந்தப் பெட்டி ஒழுங்காகக் கொடுத்தது. எம் கை ஒரு நாள் களைத்திருந்தது. ஒரு நாள் கோபித்திருந்தது. ஒரு நாள் அளவுக்கு மேல் இரங்கிற்று. அன்பு என்னும் பெயரால் வீட்டுப் பிராணிகளுக்கு அளவின்றித் தீனியிட்டு நோயாளியாக்குவோர் நம்மிடையே எத்தனை பேர்! ஆதலின் இயந்திரத்தால் ஊட்டுவது தன்னளவில் குற்றமன்று என்பதில் எமக்கு ஐயமில்லை.

மேலைநாட்டு அறிஞர்களும் பிராணிகளுக்கு நாம் பட்டிருக்கும் கடமையைக் குறித்து மாறுபட்டே பேசினர். ஜெர்மானிய தத்துவ ஞானி காண்ட், பிராணிகளுக்கு நாம் நேரே கடன்பட்டவர்கள் அல்லர் என்றும், நெடுநாள் உழைத்த நாயை இனிப் பயனில்லை என்று கொன்றுவிடுபவன் தன் மனிதத்தன்மைக்கே ஊறு செய்துகொள்கிறான் என்றும் தம் ஒழுக்கவியல் சொற்பொழிவுகளில் கூறினார். ஆங்கிலேய அறிஞர் பெந்தாம், 1789ஆம் ஆண்டில் வெளிவந்த தம் நூலில், ஓர் உயிருக்குப் பகுத்தறியும் ஆற்றலும் பேசும் ஆற்றலும் உண்டா என்பதன்று கேள்வி, துன்புறும் தன்மை உண்டா என்பதே கேள்வி என்று வழக்கை மாற்றி அமைத்தார். எம் உள்ளம் பெந்தாமின் பக்கமே சாய்கிறது. எனினும் எமக்கு நேர்ந்த ஓர் அனுபவம், இவ்விருவர் கூற்றிலும் அடங்காத வேறொரு கடமை உண்டு என்பதை உணர்த்திற்று. அதனைக் கூறுவதற்காகவே இக்கட்டுரையை எழுதத் தொடங்கினோம்.

ஈப்போவில் எம் நெருங்கிய உறவினர் ஒருவர் காலமானார். வெள்ளிக்கிழமை மாலை செய்தி வந்தது. இரவு 10 மணித் தீனியைப் பெட்டி கொடுத்தபின், அதில் 500 கிராம் தீனியை நிரப்பி, இரண்டு கிண்ணங்களில் தண்ணீர் வைத்துவிட்டுப் பேருந்து ஏறினோம். முன்பெல்லாம் வெளியூர் செல்வதாயின் அண்டை வீட்டு மலாய் மூதாட்டியிடம் சாவியைக் கொடுத்துச் செல்வது வழக்கம். அவர் எம்மைத் தம் மக்களைப் போலவே நடத்துபவர். நாமும் அவரை ‘மக்சிக்’ என்றே அழைப்போம். இம்முறை சாவியைக் கொடுக்கவில்லை. பெட்டிதான் இருக்கிறதே, அவருக்கு எதற்கு வீண் தொல்லை என்பது எம் எண்ணம்.

திங்கட்கிழமை விடியற்காலை 5 மணிக்கு வீட்டைத் திறந்தோம். பூனை வாயிலில் இல்லை. சமையற்கட்டில், பெட்டியின் முன்னால், முன்னங்கால்களை ஒன்றுசேர்த்து உட்கார்ந்திருந்தது. எம்மைத் திரும்பிப் பார்த்தது. ஒரு முறை மெல்லக் கத்திற்று. மறுபடியும் பெட்டியின் பக்கம் முகத்தைத் திருப்பிக்கொண்டது. தட்டு வெறுமையாக இருந்தது. தட்டின் ஓரமெல்லாம் நகக்கீறல். பெட்டியைத் திறந்து பார்த்தபோது, இந்நாட்டு ஈரக்காற்றில் ஊறிய தீனி, தன் எண்ணெய்ப் பசையோடு சேர்ந்து வாயருகே கட்டியாக இறுகிச் சக்கரத்தைத் தடுத்திருந்தது. வாரக்கணக்கில் நாம் அதனைத் துடைக்கவில்லை. ஈரத்தை உறிஞ்சுவதற்காக மூடியில் வைத்திருந்த சிறு பொட்டலத்தையும் மாற்றவில்லை. மீந்திருந்ததை நிறுத்துப் பார்த்தோம்; 476 கிராம் இருந்தது. சனிக்கிழமை காலை 6 மணிக்கும் 11 மணிக்கும் இரண்டு முறை மட்டுமே தீனி விழுந்திருக்கிறது. அதன்பின் ஆறு வேளை, ஏறக்குறைய 42 மணி நேரம், அந்த உயிர் பசித்திருந்தது. சில அடி தூரத்தில், ஒரு நெகிழிச் சுவருக்கு அப்பால், பத்து நாளைக்குப் போதுமான உணவு இருந்தது.

பூனைக்கு ஊறு ஒன்றும் நேரவில்லை. சிறிது சிறிதாக உணவளித்தோம், மருத்துவரிடம் காட்டினோம், தேறிவிட்டது. எம் மனந்தான் எளிதில் தேறவில்லை. அன்று மாலை மக்சிக் செய்தியைக் கேட்டுத் திகைத்தார். “முன்பெல்லாம் நீங்கள் வர நேரமானால் கதவருகே வந்து கத்துமே! அப்படிக் கத்தியிருந்தால் எனக்குக் கேட்டிருக்குமே. இரண்டு நாளும் கதவோரம் சத்தமே இல்லையே” என்றார். சிறிது நேரம் பேசாதிருந்துவிட்டு, “சாவியை ஏன் கொடுக்கவில்லை?” என்று கேட்டார். அந்தக் கேள்வியில் கோபம் இல்லை, வருத்தம் இருந்தது. எமக்கு விடை கூற இயலவில்லை.

அவர் சொன்ன சொற்களில் எம் குற்றம் முழுவதும் அடங்கியிருந்தது. பூனை கத்தாமல் இருந்திருக்காது. ஆனால் கதவின் பக்கம் சென்று மனிதரை நோக்கிக் கத்தவில்லை. உட்புறம் பெட்டியை நோக்கிக் கத்தியிருக்கிறது. பசித்தால் யாரிடம் கேட்பது என்பதை அதற்கு மாற்றிக் கற்பித்தவர்கள் நாமே. மூன்று வாரம் உழைத்து, மீன் துணுக்கை இலஞ்சமாகக் கொடுத்து, மனிதரை நம்பியிருந்த உயிரை இயந்திரத்தை நம்புமாறு திருத்தினோம். அது தன் பாடத்தைப் பிழையின்றிப் படித்தது. நாமோ எம் பாடத்தைப் படிக்கவில்லை.

ஓர் உயிரைப் பழக்குவது என்பது அவ்வுயிருக்கு ஒரு வாக்குக் கொடுப்பதாகும். “இந்த ஓசை எழுந்தால் உணவு வரும், இந்த இடத்தில் காத்திருந்தால் கிடைக்கும்” என்று நாம் அதற்குச் சொல்லாமற் சொல்கிறோம். மனிதருக்குள் வாக்குத் தவறினால், தவறியவன் யார் என்று கண்டு, வேறு வழி தேடிக்கொள்ளலாம். பிராணிக்கு அந்த வழியில்லை. சக்கரம் இறுகியது என்பதையோ, மின்சாரம் நின்றது என்பதையோ, நாம் ஊரில் இல்லை என்பதையோ அது அறியாது. அறியாத உயிருக்குக் கொடுத்த வாக்கு, அறிந்தவனுக்குக் கொடுத்த வாக்கினும் கனமானது. பிராணி துன்புறுகிறது என்பதனால் மட்டும் பிறக்கும் கடமையன்று இது; நாமே அதன் நம்பிக்கையைச் செய்து வைத்தோம் என்பதனால் பிறக்கும் கடமை. தெருவில் திரிந்தபோது அப்பூனைக்குப் பத்து வாயில்கள் இருந்தன. எம் வீட்டில் அதற்கு ஒரே வாயில். அதனையும் ஒரு பெட்டியின் வாயாக்கினோம்.

கருவியை நம்பி ஏமாந்தவர்கள் நாம் மட்டுமல்லர். 2020ஆம் ஆண்டு பிப்ரவரியில், இணையத்தின் வழியே இயங்கும் உணவுப் பெட்டிகளை விற்ற அமெரிக்க நிறுவனம் ஒன்றின் தொடர்பு அமைப்பு பல நாள் செயலிழந்தது. தம் பிராணிகளுக்கு உணவு விழவில்லை என்று வாங்கியவர்களிற் சிலர் முறையிட்டனர். கைப்பேசியில் விரலால் தொட்டால் கடல் கடந்தும் பூனைக்குச் சோறிடலாம் என்பது விஞ்ஞானத்தின் பெருமையே. ஆயின் அந்தச் சங்கிலியில் எத்தனை கண்ணிகள் உளவோ அத்தனை இடத்தில் அது அறுபடலாம் என்பதையும் அதே விஞ்ஞானந்தான் நமக்குக் கற்பிக்கிறது.

இவ்விடத்தில் மற்றோர் ஆராய்ச்சியும் எம் நினைவுக்கு வருகிறது. அமெரிக்க உளவியல் அறிஞர் ஸ்கின்னர், 1948ஆம் ஆண்டில், பசித்த புறாக்கள் எட்டினைத் தனித்தனிக் கூண்டில் வைத்து, அவை என்ன செய்தாலும் செய்யாவிடினும், குறித்த இடைவெளியில் ஒரு பெட்டி தானாகவே தானியத்தை நீட்டுமாறு அமைத்தார். நாளடைவில் அவற்றுள் ஆறு புறாக்கள் விந்தையான செயல்களைச் செய்யத் தொடங்கின. ஒன்று கூண்டுக்குள் இடமாகச் சுற்றிச் சுற்றி வந்தது. ஒன்று கூண்டின் மேல்மூலையில் தலையைத் தலையை நீட்டிற்று. வேறு இரண்டு ஊசலைப் போல உடம்பை ஆட்டின. உணவு வந்தபோது தற்செயலாகத் தாம் செய்துகொண்டிருந்த செயலே உணவைக் கொணர்ந்தது என்று எண்ணியவைபோல அவை நடந்துகொண்டன என்றும், மூடநம்பிக்கைக்கு இது ஒப்பானது என்றும் ஸ்கின்னர் எழுதினார். பின்னர் 1971ஆம் ஆண்டில் ஸ்டாடன், சிமெல்ஹாக் என்னும் இருவர் இதனை மீண்டும் ஆராய்ந்து, உணவை எதிர்நோக்கும் பறவையின் இயற்கைக் குணங்களே இச்செயல்களிற் பலவற்றுக்குக் காரணம் என்று வேறு விளக்கம் கூறினர். எவ்விளக்கம் சரியாயினும் ஒன்று தெளிவு. பெட்டி புறாவைப் பார்க்கவில்லை. புறா ஆடினாலும் ஆடாவிட்டாலும் அதற்கு ஒன்றே.

புறாவைக் கண்டு சிரிப்பதற்குமுன் நாம் நம்மைப் பார்த்துக்கொள்ள வேண்டும். ஒரு நாள் ஒரு சட்டையை அணிந்து சென்ற காரியம் கைகூடினால் அச்சட்டையை இராசியான சட்டை என்கிறோம். பூனை குறுக்கே போனால் சகுனத்தடை என்று திரும்பி வந்து தண்ணீர் குடித்துவிட்டுப் புறப்படுகிறோம். பாவம், அந்தப் பூனை தன் தீனியைத் தேடிப் போகிறது. நம்முடைய காரியத்தைக் கெடுக்கும் நேரம் அதற்கு ஏது? எம்முடைய மூடநம்பிக்கையோ இவற்றினும் பெரிது. இரண்டு மாதம் தவறாமல் சுழன்றதால் அந்தச் சக்கரம் என்றும் சுழலும் என்று நம்பினோம். சோதித்துப் பாராத நம்பிக்கை, கல்லின்மேல் வைத்தாலும் கருவியின்மேல் வைத்தாலும் மூடநம்பிக்கையே. இயந்திரத்தை வாங்கிவிட்டதனாலேயே ஒருவன் பகுத்தறிவாளன் ஆகிவிட மாட்டான்.

உணவையும் ஓசையையும் கொண்டு உயிர்களைப் பழக்கும் முறை பிராணிகளோடு நின்றுவிடவில்லை என்பதை மலாயாத் தமிழர் மறக்கலாகாது. விடியுமுன் எழும் ஓசைக்கு எழுந்து, பெரட்டுக் களத்தில் வரிசையாக நின்று, பெயர் கூப்பிடப்பட்டபின் பால்மரக் காட்டுக்குள் நுழைந்த தலைமுறைகளின் வழி வந்தவர்கள் நம்மில் பலர். 1938ஆம் ஆண்டில் இந்திய அரசாங்கம் தடை விதிக்கும் வரையில், தென்னாட்டிலிருந்து தொழிலாளர் உதவிபெற்று இங்கே வந்துகொண்டிருந்தனர். வேலையும் குடியிருப்பும் கூலியும் ஒரே கையில் இருந்த அந்த வாழ்வில், வேறு வாயிலைத் தட்டும் பழக்கமே பலருக்கு மறந்துபோயிற்று. பின்னாளில் தோட்டங்கள் துண்டாடப்பட்டும் விற்கப்பட்டும் அந்த ஒரே வாயில் அடைபட்டபோது, அவர்கள் பட்ட பாடு நாடறியும். மனிதரைப் பிராணிகளோடு ஒப்பிட நாம் இதனைக் கூறவில்லை. ஓர் உயிரின் எல்லா வாயில்களையும் அடைத்து ஒரு வாயிலை மட்டும் திறந்து வைப்பவன் எவனாயினும், அந்த ஒன்று அடைபடாமல் காக்கும் பொறுப்பும் அவனுடையதே என்பதற்காகவே கூறுகிறோம்.

நம் இல்லங்களிலும் இதன் சாயல் உண்டு. முதிய பெற்றோருக்கு மாதந்தோறும் குறித்த நாளில் வங்கியின் வழியே தானாகப் பணம் செல்லுமாறு ஏற்பாடு செய்துவிட்டு, கடமை முடிந்தது என்று இருப்பவர் பலர். தங்களைக் காத்துக்கொள்ள இயலாத முதியோர் தம் மக்களிடம் பொருளுதவி கோரலாம் என்று சிங்கப்பூர் 1995ஆம் ஆண்டில் ஒரு சட்டமே இயற்றிற்று. சட்டம் பணத்தை வாங்கித் தரும்; வாங்கித் தரவும் வேண்டும். தவறாமல் பணம் அனுப்பும் மகன், அனுப்பாத மகனைவிட ஆயிரம் மடங்கு மேலானவன். ஆயினும் பணம் போய்ச் சேர்ந்ததா, அதை எடுத்துச் செலவிடும் நிலையில் தாய் இருக்கிறாளா, உண்டாளா, உறங்கினாளா என்பதை வங்கி பார்க்காது. அது அதன் வேலையுமன்று. பார்க்க வேண்டியவன் பார்க்காமல் இருப்பதற்குத் தானியங்கும் ஏற்பாடு ஒரு சாக்காகிவிடும்போதுதான் தீமை தொடங்குகிறது.

ஆகவே, கடமையைக் கருவியிடம் ஒப்படைக்கலாமா என்னும் கேள்விக்கு எம் விடை இதுவே. கடமையில் கை செய்யும் பகுதி ஒன்றுண்டு. கண் செய்யும் பகுதி ஒன்றுண்டு. தீனியை அளந்து வேளைக்கு இடுவது கையின் வேலை. அதனைக் கருவியினிடம் தாராளமாக விடலாம். நம்மைவிட அது நன்றாகவே செய்யும். இட்ட தீனி விழுந்ததா, விழுந்ததை அது உண்டதா, உண்ணாவிடில் ஏன் உண்ணவில்லை என்று பார்ப்பது கண்ணின் வேலை. அதனை மற்றொரு மனிதரிடம் ஒப்படைக்கலாம். கருவியிடம் மட்டும் விட்டுவிடலாகாது. ஏனெனில், தவறு நேர்ந்தால் வருந்தித் திருத்திக்கொள்ளும் ஆற்றல் மனச்சாட்சி உடையவர்க்கே உண்டு. 42 மணி நேரம் ஓர் உயிரைப் பட்டினி போட்ட அந்தப் பெட்டிக்கு ஒரு துளி வருத்தமும் இல்லை. வருந்த வேண்டியவர்கள் நாமே, வருந்தினோம்.

பெட்டியை நாம் வீசி எறியவில்லை. வீசியிருந்தால், எம் சோம்பலுக்குரிய தண்டனையை ஒரு குற்றமற்ற கருவிக்கு விதித்தவராவோம். வாரம் ஒருமுறை அதனைக் கழற்றித் துடைத்து உலர்த்துகிறோம். மின்சாரம் நின்றாலும் இயங்குமாறு மின்கலங்களைச் சேர்த்திருக்கிறோம். நான்கு வேளையில் ஒரு வேளையை, இரவு 10 மணி வேளையை, மீண்டும் எம் கைக்கே மாற்றிக்கொண்டோம். பசித்தால் மனிதரிடமும் வந்து கேட்கலாம் என்பதைப் பூனை மறந்துவிடலாகாது. கேட்கும்போது எழுந்து பார்க்க வேண்டும் என்பதை நாமும் மறந்துவிடலாகாது. சில நாள், நள்ளிரவுப் பணி முடிந்து உறங்கும் வேளையில் அது வந்து கத்துகிறது. முன்போலச் சினம் வருவதில்லை.

வெளியூர் செல்லும்போது சாவி மக்சிக் வீட்டுக்குப் போகிறது. முதல் முறை அதைக் கொண்டு கொடுத்தபோது அவர் வாங்கி, முந்தானையில் முடிந்துகொண்டு, “பெட்டி இருக்கட்டும், நானும் ஒரு தடவை எட்டிப் பார்த்துக்கொள்கிறேன்” என்றார். நாம் இத்தனை பக்கம் எழுதிச் சொல்ல முயன்றதை அந்த அம்மையார் ஒரு வாக்கியத்தில் சொல்லிவிட்டார்.